மூன்றாம் வார்த்தை

பெரிய வெள்ளிக்கிழமையில் மூன்றாம் வார்த்தையை எப்போதும் ஒரு பெண்ணுக்குத்தான் கொடுப்பார்கள். எங்கள் கோயிலில் அது எழுதாத சட்டம். சிலுவையில் தொங்கும்போது ஆண்டவர் பேசிய ஏழு வார்த்தைகளை ஏழு பேர் பிரித்துக்கொண்டு, உச்சிவெயிலில் தொடங்கி மூன்று மணி வரை ஒருவர் பின் ஒருவராகப் பிரசங்கம் செய்வது வழக்கம். நடுநடுவே பாட்டு. முதல் வார்த்தை ஓய்வுபெற்ற தலைமையாசிரியருக்கு, இரண்டாவது உபதேசியாருக்கு, பிந்தினவை போதகருக்கும் கமிட்டிக்காரர்களுக்கும் என்று ஆண்கள் எடுத்துக்கொள்வார்கள். பெற்ற தாயைப் பார்த்து, இனி இவனே உனக்குப் பிள்ளை என்று பக்கத்தில் நின்ற சீஷனைக் காட்டினாரே, அந்த வார்த்தை மட்டும் பிள்ளை பெற்ற ஒருத்திக்கு. அது தாய்க்குத்தான் புரியுமாம். மற்ற ஆறும் இவர்களுக்குப் புரிந்துவிட்டது போலிருக்கிறது. இந்த வருஷம் என் முறை. வெள்ளைச் சேலை கட்டி, முன்வரிசைப் பெஞ்சில் சுவரோரமாக உட்கார்ந்திருக்கிறேன். இடுப்பில் சொருகிய சாவி குத்துகிறது. பெண்பிள்ளைகளின் போர்டிங்கில் மேட்ரனாகக் காலம் தள்ளியவளுக்குச் சாவியை எங்கே சொருகுவது என்று தெரியாதா? தெரியும். இன்றைக்கு அவசரத்தில் சொருகினது, அவ்வளவுதான். வீட்டைப் பூட்டிவிட்டு வந்திருக்கிறேன். உள்ளே என் மகன் பென்னி இருக்கிறான்.

தலைமையாசிரியர் பாக்கியநாதன் சார் மைக்கைத் தட்டுகிறார். "சபையாரே" என்று அவர் இழுப்பதற்குள் பாதி நேரம் போய்விடும், போகட்டும், எனக்கு ஒன்றும் அவசரமில்லை, இல்லை, அவசரம்தான், எதற்கு அவசரம் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. முதல் வார்த்தை மன்னிப்பைப் பற்றியது. ஆணி அடித்தவர்களுக்குத் தாங்கள் செய்வது என்னவென்று தெரியவில்லை, ஆகையால் மன்னித்துவிடும் என்று பிதாவிடம் சிபாரிசு செய்கிறார். சார் அழகாகத்தான் சொல்கிறார். அறியாமைக்கு மன்னிப்பு உண்டு என்கிறார். சரி சார், அறிந்து செய்கிறவனுக்கு? என் மகனுக்கு எல்லாம் தெரியும். ஸ்கேன் படத்தை டாக்டர் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, இதுதான் ஈரல், இதோ கல்லாகிப் போன இடம் என்று பேனாவால் தொட்டுத் தொட்டுக் காட்டினார். பென்னி எட்டிப் பார்த்தான். வேறொருவன் வீட்டு வயரிங்கைப் பார்ப்பதுபோல் அக்கறையாகப் பார்த்தான். எலக்ட்ரீசியன் அல்லவா. இனி ஒரு தடவை ரத்த வாந்தி எடுத்தால் இங்கே கொண்டுவருகிறவரைக்கும் தாங்காதம்மா என்று டாக்டர் என்னிடம்தான் சொன்னார், ஆனால் அவன் காதில் விழும்படி சொன்னார். பஸ்ஸில் வரும்போது ஜன்னலோரம் உட்கார்ந்துகொண்டு அவனாகவே சொன்னான்: "தெரிஞ்சுதாம்மா குடிக்கேன். தெரியாமக் குடிக்கேன்னு யார்ட்டயும் சொல்லாத." அதில் ஒரு ரோஷம் இருந்தது. தன்னிடம் மிச்சமிருக்கிற ஒரே சொத்து அதுதான் என்பதுபோல் சொன்னான். ஜனவரியில் அவன் வாந்தி எடுத்த ரத்தத்தை நான்தான் கழுவினேன். சிமெண்டுத் தரையில் ஒரு இடம் இன்னும் கறுப்பாக இருக்கிறது, அதன்மேல் பாயை விரித்துப் போட்டிருக்கிறேன். அந்தப் பாயில்தான் அவன் படுக்கிறான். அவன் அப்பா பீடிகூடத் தொட்டதில்லை. இது யார் ரத்தம் என்று எனக்குத் தெரியவில்லை. அவன் பெண்டாட்டி கைப்பிள்ளையைத் தூக்கிக்கொண்டு அம்மா வீட்டுக்குப் போய்விட்டாள். அவளை நான் ஒரு சொல் குறை சொல்ல மாட்டேன், நானாக இருந்தால் இன்னும் முந்திப் போயிருப்பேன். ஆனால் பெற்றவளுக்கு எந்த அம்மா வீடு.

வேர்க்கிறது. பெரிய வெள்ளியன்று ஃபேனைச் சத்தம் வராமல் மெதுவாக வைப்பார்கள், துக்க நாளாம். ஃபேனைப் பற்றி நினைக்கக் கூடாது. அவன் படுத்திருக்கும் அறையிலும் ஒன்று இருக்கிறது. போன வருஷம் அவனே மாட்டினது, கொக்கி நல்ல உறுதி. வேண்டாம். வேறு எதையாவது நினை. சார் இப்போது சுயாதீனத்துக்கு வந்துவிட்டார், எல்லாப் பிரசங்கமும் கடைசியில் அங்கேதான் வந்து சேரும். தேவன் மனுஷனை இயந்திரமாகப் படைக்கவில்லை, நல்லதையோ கெட்டதையோ தெரிந்தெடுக்கும் சுயாதீனத்தைக் கொடுத்துப் படைத்தார், ஏனென்றால் கட்டாயப்படுத்தி வாங்குவது அன்பு ஆகாது. சிறுபிள்ளையிலிருந்து கேட்டுக் கேட்டுக் காது புளித்துவிட்டது. யாரும் மறுபக்கத்தைச் சொல்வதில்லை. ஒரு தோட்டத்தைப் போட்டு, நடுவில் ஒரு மரத்தை வைத்து, தொட்டால் செத்துப்போவாய் என்று சொல்லிவிட்டு, அதைச் சுற்றி ஒரு முள்வேலிகூடப் போடாமல் சாயங்காலம் உலாவப் போகிறவரை என்னவென்று சொல்வது? கடவுள் எங்கள் போர்டிங்கில் மேட்ரனாக இருந்திருந்தால் ஒரே மாதத்தில் வீட்டுக்கு அனுப்பியிருப்பார்கள். நான் மதில்மேல் கண்ணாடிச் சில்லு பதித்தேன். கிணற்றுக்கு மூடி போட்டேன். ஆறரைக்கு வெளிக்கேட், எட்டுக்கு உள்கேட். ஒரு பிள்ளையையும் நான் இழந்ததில்லை. ஒரே ஒருத்தி கேட்டாள், எஸ்தர்பாய் என்று ஒரு வாயாடி, உவரிப் பக்கத்துப் பிள்ளை, நான் பூட்டுவதைக் கம்பிக்கு உள்ளே நின்று பார்த்துக்கொண்டே கேட்டாள்: "அக்கா, நீங்க பூட்டுறது திருடனுக்கா, எங்களுக்கா?" போய்ப் படிட்டி என்று விரட்டினேன். ரெண்டுக்கும்தான், அதற்கு மேல் என்ன சொல்ல? பிள்ளைகள்மேல் எனக்கு இருந்தது அன்பு இல்லையா? எல்லாம் முழுசாக வெளியே போயின, கல்யாணம் முடித்தன, கிறிஸ்மஸுக்குக் கார்டு போடுகின்றன.

பெஞ்சில் யாரோ அசைகிறார்கள். ஆண்கள் பக்கம் திரும்பிப் பார்க்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டே திரும்புகிறேன். என் தம்பி ஞானதுரை என்னையே பார்த்துக்கொண்டிருக்கிறான். கையைக் காதுக்குக் கொண்டுபோய்ப் போன் மாதிரி வைத்துக் காட்டி, தலையை ஆட்டுகிறான். பேசிவிட்டான் என்று அர்த்தம். கோயில் முடிந்து எல்லாரும் கஞ்சிக்குப் போகிற நேரத்தில் மறுவாழ்வு இல்லத்து வேன் வீட்டுக்கு வரும். ஊர் முழுக்கக் கோயில் வளாகத்தில் இருக்கும், தெருவில் ஒருத்தரும் பார்க்கமாட்டார்கள் என்று ஞானதுரைதான் நேரம் குறித்தான். நல்லவன். அக்காளுக்காக அலைகிறான். முதல் தடவையும் அவன்தான் ஏற்பாடு செய்தான். அன்றைக்கு மூன்று தடியன்கள் வந்தார்கள். பென்னி வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டான். விரலை ஒவ்வொன்றாகப் பிரித்து எடுத்தார்கள். அவன் கட்டியிருந்த சாரத்தாலேயே அவன் கையைக் கட்டினார்கள். உள் டவுசரோடு வேனில் ஏற்றும்போது, "எம்மா, நீ சொல்லும்மா, நீ ஒரு வார்த்தை சொல்லும்மா" என்றான். நான் சொல்லவில்லை. அவன் உயிர் பிழைக்க வேண்டும் என்று சொல்லாமல் நின்றேன். உயிர் பிழைத்தான். கன்னத்தில் சதை பிடித்து, தெளிந்த கண்ணோடு திரும்பி வந்தான். நான் கோழி அடித்துக் குழம்பு வைத்தேன். சாப்பிட்டுக் கை கழுவிவிட்டு நேரே பிராந்திக் கடைக்குப் போனான். இரண்டு நாள் கழித்து, போதை இல்லாத ஒரு காலை நேரத்தில், நான் கேட்காமலேயே சொன்னான்: "அங்க குடிக்காம இருந்தது நான் இல்லம்மா. பூட்டு." அந்த வார்த்தை என் நெஞ்சில் மீன்முள் மாதிரி நிற்கிறது. விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை. பூட்டு குடிக்காமல் இருந்தால் எனக்கென்ன? என் பிள்ளை உயிரோடு இருந்தானே. செத்துப்போகச் சுதந்திரம் உள்ள மகன் வேண்டுமா, பூட்டிக்கிடந்து பிழைக்கும் மகன் வேண்டுமா என்று எந்தத் தாயைக் கேட்டாலும் ஒரே பதில்தான் வரும். இந்த விஷயத்தில் நான் கடவுளோடு ஒத்துப்போக மாட்டேன். அவருக்குப் பிள்ளைகள் நிறைய.

பாட்டு எழுந்துவிட்டது. எல்லாரும் நிற்கிறார்கள், நானும் நிற்கிறேன், வாய் தானாக அசைகிறது. ஆர்கன் இல்லாமல் வெறுங்குரலில் பாடும்போது இந்தப் பாட்டு ஒப்பாரிபோல் கேட்கிறது. ஜன்னல் வழியாகக் கஞ்சி வாசம் வருகிறது, பின்னால் அண்டாவில் கொதிக்கிறது, காணத்துவையலுக்கு யாரோ கொள்ளு வறுக்கிறார்கள். வயிறு சுருண்டு கேட்கிறது. வெட்கமாக இருக்கிறது. மகன் உள்ளே கிடக்கிறான், இதற்குப் பசி. மறுபடி உட்கார்ந்தாயிற்று. இரண்டாம் வார்த்தைக்கு உபதேசியார் யோபு எழுந்து வருகிறார். சிறிய மனுஷன், மைக்கை இறக்க வேண்டியிருக்கிறது. இரண்டு கள்ளர்களின் கதை. இந்தப் பக்கம் ஒருவன், அந்தப் பக்கம் ஒருவன், நடுவில் அவர். வலப்பக்கத்தான் என்னை நினைத்துக்கொள்ளும் என்றான், இன்றைக்கே என்னோடு பரதீசில் இருப்பாய் என்று பதில் கிடைத்தது. எல்லாரும் அவனைப் பற்றியே பேசுவார்கள். யோபு உபதேசியார் என்ன நினைத்தாரோ, இடப்பக்கத்தானுக்கு வருகிறார். "அவனும் அதே தூரந்தான் சபையாரே. கையை நீட்டினாத் தொடுற தூரம். ஆனா ஆண்டவர் அவனுக்கு ஒண்ணும் சொல்லல. ஏன்? கேக்காதவனக் குடுமியப் பிடிச்சு இழுத்துட்டுப் போக அவர் பரலோகம் ஜெயில் இல்ல." நன்றாகத்தான் சொன்னார். பின்னால் யாரோ ஸ்தோத்திரம் என்கிறார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. இடப்பக்கத்தானுக்கும் ஒரு தாய் இருந்திருப்பாள். அந்தக் கூட்டத்தில் எங்காவது முக்காடு போட்டுக்கொண்டு நின்றிருப்பாள். அவள் மகன் கேட்கவில்லை. கேட்கத் தெரியாதவன், வாய்த்துடுக்கன். அவளாக இருந்தால் என்ன சொல்லியிருப்பாள்? குடுமியைப் பிடித்து இழும் ஆண்டவரே என்று சொல்லியிருப்பாள். கையில் ஆணி இருக்கிறது, பிடிக்க முடியவில்லை என்று வேண்டுமானால் அவர் சொல்லட்டும், அதை நம்புவேன். ஆனால் அன்பினால்தான் பிடிக்கவில்லை என்றால், அந்த அன்பைச் சுமக்கிற முதுகு எனக்கு இல்லை.

நான் எழுதி வைத்திருப்பது நல்ல பிரசங்கம். நாற்பது நாள் லெந்து உபவாசம் தொடங்கினதுமே கிப்சன் ஐயர் வீட்டுக்கு வந்தார். எங்கள் பக்கம் போதகரை ஐயர் என்றுதான் சொல்வோம். இளம்பிள்ளை, போன மே மாதம்தான் மாற்றலாகி வந்தவர். "வயலட் அக்கா, மூணாம் வார்த்தைக்கு நீங்கதான். போர்டிங் பிள்ளைங்க அத்தன பேருக்கும் அம்மாவா இருந்தவங்க" என்றார். உள்ளறையில் பென்னி இருமினான். உடம்புக்கு முடியல என்றேன். அது பொய்யும் இல்லை. அந்தத் தாய் சிலுவைக்குக் கீழே நின்றாள், அழுது புரளவில்லை, மயங்கி விழவில்லை, நின்றாள் என்று எழுதி, அந்த நிலையைப் பற்றி மூன்று உட்பிரிவு வைத்திருக்கிறேன். விசுவாசத்தின் நிலை, பொறுமையின் நிலை, கீழ்ப்படிதலின் நிலை. இப்போது அந்த மூன்றும் புளித்த மாவு மாதிரி இருக்கின்றன. நின்றாள் நின்றாள் என்கிறார்களே, ஓடிப்போய் ஒரு ஏணி எடுத்துவர அவளுக்குத் தோன்றவில்லையா? சேவகன் காலில் விழவில்லையா? கையிலிருந்த எதையாவது கழற்றிக் கொடுத்துப் பார்க்கவில்லையா? இறங்கிவா பார்க்கலாம் என்று கூட்டம் கேலி செய்தபோது, இறங்கிவிடுப்பா, பெயர் போனால் போகிறது, வீட்டுக்குப் போய்விடலாம் என்று அவள் ஒரு தடவையாவது முணுமுணுத்திருப்பாள். வேதத்தில் எழுதியவர்கள் ஆண்கள், அதை விட்டுவிட்டார்கள். நானாக இருந்தால் இறக்கிக் கட்டித் தூக்கிக்கொண்டு போய் வீட்டில் போட்டுப் பூட்டியிருப்பேன். உலகத்துக்கு இரட்சிப்பு கிடைத்திருக்காது. கிடைக்காமல் போகட்டும்.

காலையில் நடந்ததை நினைக்கக் கூடாது என்றுதான் இவ்வளவையும் நினைத்துக்கொண்டிருக்கிறேன். நினைத்துவிடுகிறேன். பென்னி காலையில் நான் எழுப்பாமலே எழுந்தான். கண் தெளிவாக இருந்தது. கை நடுக்கம் இருந்தது, ஆனாலும் தானே முகம் மழித்தான், தாடையில் ஒரு கீறல். நான் கடுங்காப்பி கொடுத்தேன். உபவாச நாள், பாலும் சீனியும் இல்லை. முகம் சுளிக்காமல் குடித்தான். டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, என்னைப் பார்க்காமல், சுவரைப் பார்த்துச் சொன்னான்: "எம்மா, நானும் வாரேன் கோயிலுக்கு." எத்தனையோ வருஷமாக முழங்காலில் நின்று கேட்ட வார்த்தை. சின்ன வயதில் கிறிஸ்மஸ் தாத்தாவுக்குப் பின்னால் ஓடினவன், வாலிபத்தில் கோயில் மைக்செட்டுக்கு அவன்தான் பொறுப்பு, பிறகு வாசலே மிதிக்கவில்லை. என் நெஞ்சு ஒரு குதி குதித்தது. அதே நொடியில் இன்னொரு குரல் சொன்னது: பன்னிரண்டு மணி. கோயில் மணியும் பன்னிரண்டுக்கு, கடை ஷட்டர் ஏறுவதும் பன்னிரண்டுக்கு. எங்கள் தெரு முக்கில் இடப்பக்கம் திரும்பினால் கோயில், வலப்பக்கம் திரும்பினால் கடை. மருந்து வாங்கப் போகிறேன் என்று சொல்லிப் போயிருக்கிறான், முடிவெட்டப் போகிறேன் என்று போயிருக்கிறான், சாவு வீட்டுக்கு என்று போயிருக்கிறான். கோயிலுக்கு என்று மட்டும்தான் இன்னும் சொல்லவில்லை. அதையும் சொல்லிவிட்டானே என்று நினைத்தேன். வேன் வேறு வரப்போகிறது, இந்த மூன்று மணி நேரம் கையைவிட்டுப் போனால் அவ்வளவுதான். "குளிச்சிட்டு வா" என்றேன். அவன் பின்கட்டில் தண்ணீர் மொண்டு ஊற்றும் சத்தம் கேட்டது. வீட்டைச் சுற்றிப் போய்ப் பின்வாசலுக்கு வெளியே தாழ்ப்பாள் போட்டேன். முன்வாசலைப் பூட்டினேன். முப்பது வருஷப் பழக்கம், பூட்டை இழுத்துப் பார்த்தேன். நன்றாகப் பூட்டியிருந்தது. தெருவில் இறங்கி நடக்கும்போது குளிக்கிற சத்தம் நின்றது. நான் திரும்பிப் பார்க்கவில்லை.

அவன் பொய் சொல்லவில்லை என்றால்? இந்தக் கேள்வியைத்தான் காலையிலிருந்து தள்ளித் தள்ளி வைக்கிறேன், நாய்க்குட்டிபோல் காலைச் சுற்றுகிறது. அவன் பொய் சொல்லவில்லை என்றால், அவன் தன் வாயால் முதல் தடவையாகக் கேட்ட ஒன்றை நான் வாங்கிக் கதவுக்குள் போட்டுவிட்டேன். பொய்தான். பொய்யாகத்தான் இருக்கும். பொய் இல்லாமலும் இருக்கலாம், முக்கு வரைக்கும் நிஜமாக வந்திருப்பான், முக்கில் பொய்யாகியிருக்கும். அது அவனுக்கே தெரியாது. எனக்கு எப்படித் தெரியும்? கடவுளுக்குத் தெரியுமாம். தெரிந்தும் தோட்டத்தில் வேலி போடவில்லையாம். இப்போது தண்ணீர் குடிக்க எழுந்திருப்பானா? பானையில் தண்ணீர் வைத்தேனா? வைத்தேன். கத்தியை எடுத்து ஒளித்தேனா? எடுத்தேன். என்னைக் கூப்பிட்டிருப்பான். முன்வாசலுக்கு வந்து தள்ளிப் பார்த்திருப்பான். ஒரு தடவை தள்ளியதும் புரிந்திருக்கும். தட்டியிருக்கமாட்டான், அவனுக்குத் தட்டுகிற பழக்கம் இல்லை. எனக்குப் பயமாக இருக்கிறது, ஆண்டவரே, எதற்குப் பயம் என்றே தெரியாமல் பயமாக இருக்கிறது, அவன் செத்துப்போவான் என்றா, என்னை வெறுப்பான் என்றா, நான் செய்தது தப்பு என்றா, தப்பே இல்லை என்றா.

"மூன்றாம் வார்த்தை. திருமதி வயலட் பொன்னுதுரை" என்கிறார் கிப்சன் ஐயர். எழுந்து போகிறேன். பெண்கள் பிரசங்க மேடையில் ஏறுவதில்லை, கீழே வேதம் வாசிக்கிற இடத்தில் நின்றுதான் பேச வேண்டும், அதுவும் எழுதாத சட்டம். கால் மரத்திருக்கிறது. மைக் யோபு உபதேசியார் உயரத்துக்கு இருக்கிறது, எனக்கும் அது போதும். எதிரே வெள்ளைவெளேர் என்று சனம். ஜெபம் பண்ணினேன் போலிருக்கிறது, எல்லாரும் ஆமென் என்கிறார்கள். "அந்தத் தாய் சிலுவையண்டையில் நின்னாங்க" என்று தொடங்குகிறேன். நின்னாங்க என்றதும் அடுத்த வார்த்தை வரவில்லை. விசுவாசத்தின் நிலை என்று சொல்ல வேண்டும். தெரியும், வரவில்லை. அந்தத் தாயின் மகன் அவளைப் பார்த்தான், அவள் அவனைப் பார்க்கும்படி அங்கே இருந்தாள். எவ்வளவு சின்ன விஷயம். காப்பாற்ற முடியவில்லை, கீழே இறக்கிவிட முடியவில்லை, ஆனால் அவன் கண் திறந்து பார்க்கும்போது முன்னால் இருந்தாள். என் மகன் இப்போது கண் திறந்தால் கதவு இருக்கும். சபை காத்திருக்கிறது. ஞானதுரை பெஞ்சின் நுனிக்கு வந்துவிட்டான். நான் மைக்கில்தான் சொல்கிறேன், என் குரல் ஸ்பீக்கர் வழியாகத் தெருவுக்கெல்லாம் போகிறது: "எம் மகன் காலைல கோயிலுக்கு வாரேன்னு சொன்னான். நான் நம்பாம வீட்ல வச்சுப் பூட்டிட்டு வந்துட்டேன். போய்க் கூட்டிட்டு வந்துருதேன்." இதுதான் என் பிரசங்கம். நடு நடைபாதையில் நடக்கிறேன். கிப்சன் ஐயர் நல்ல பிள்ளை, பாட்டை எடுத்துக் கொடுத்துவிட்டார்.

செருப்பைத் தேட நேரமில்லை. தார் ரோடு காலைச் சுடுகிறது, ஓரத்து மண்ணில் நடக்கிறேன், அதுவும் சுடுகிறது. அறுபத்தெட்டு வயதில் இப்படி ஓடுவேன் என்று நினைக்கவில்லை. முக்கில் திரும்பும்போது எதிர்ப்பக்கம் பார்க்கிறேன், கடையில் ஏழெட்டுப் பேர் நிற்கிறார்கள், நம் கோயில்காரர் இரண்டு பேரும் அதில் உண்டு. பூட்டு கையில் வழுக்குகிறது. திறந்தேன். பென்னி என் கட்டிலில் உட்கார்ந்திருக்கிறான். வெள்ளை முழுக்கைச் சட்டை, கழுத்துப் பொத்தான் வரை போட்டிருக்கிறான். தலை சீவியிருக்கிறான். என்னைப் பார்த்து, "வேன் வந்துட்டா?" என்று கேட்கிறான்.

"என்ன வேன்?" என்றேன்.

"மாமா நேத்துப் போன்ல பேசுனது கேட்டுச்சு. எனக்குத் தெரியும்." சட்டைக் கையை இழுத்து விட்டுக்கொண்டான். "கொஞ்ச நேரம் கோயில்ல உக்காந்துட்டு, நானே வேன்ல ஏறிருவோம்னுதான் நெனச்சேன். யாரும் தூக்காம. அதான் உன்ட்டக் கேட்டேன்."

சொல்லிவிட்டான். கோபமில்லாமல், குற்றம் சாட்டாமல், கடையில் விலை சொல்வதுபோல் சொன்னான். அவன் என்னை அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். "பென்னி, ஏல, இப்ப வா. இப்பதாம் மூணாம் வார்த்தை. என் முறைதான். விட்டுட்டு வந்துருக்கேன். வாய்யா, ரெண்டு பேருமாப் போவோம்" என்று அவன் கையைப் பிடித்தேன். கை குளிர்ந்திருந்தது. தலையை ஆட்டினான். "அந்த நெனப்பு இப்ப இல்லம்மா. நானும் இவ்வளவு நேரமாத் தேடிப் பாத்துட்டேன். இல்ல." பொய் சொல்லவில்லை. அவன் முகத்தில் தேடின களைப்பு இருந்தது. காலையில் இருந்தது, மத்தியானம் இல்லை. இடையில் நான் இருந்தேன். "இப்ப உனக்கு என்ன வேணும்?" என்றேன். "கடைக்குப் போணும்" என்றான். "நீ பூட்டணும்னாப் பூட்டிக்கோ. வேன் வந்தா ஏத்திக்கோ. நான் மல்லுக்கட்ட மாட்டேன். தெம்பில்ல."

வாசலில் நிற்கிறேன். ஒரு எட்டு பின்னால் போய் இழுத்துச் சாத்தினால் முடிந்தது. மல்லுக்கட்ட மாட்டேன் என்று அவனே சொல்லிவிட்டான், அவன் சம்மதம்கூடக் கிடைத்தமாதிரிதான். உயிரோடு இருப்பான். பூட்டு அவனுக்காக இன்னும் மூன்று மாதம் குடிக்காமல் இருக்கும். டாக்டர் பேனாவால் தொட்டுக் காட்டிய இடம் கண்ணில் வருகிறது. என் உடம்பில் இருக்கிற ஒவ்வொரு எலும்பும் சாத்து, சாத்து என்கிறது. சாத்தினால் அவன் இருப்பான், அவனுக்குள்ளே காலையில் ஒரு நேரம் எழுந்து உட்கார்ந்த ஒன்று, நானே ஏறிவிடலாம் என்று நினைத்த ஒன்று, அது இனி எழுந்திருக்காது. திறந்துவிட்டால் அதுவும் இருக்காது, அவனும் இருக்கமாட்டான், அப்படித்தான் ஆகும் போலிருக்கிறது. இரண்டு பக்கமும் சாவுதான் என்றால் ஆண்டவரே, எதைத் தெரிந்தெடுக்க எனக்கு இந்தச் சுயாதீனத்தைக் கொடுத்தீர்? பதிலுக்கு ஸ்பீக்கரில் பாட்டுதான் கேட்கிறது. நான் ஒதுங்கி நின்றேன். ஏன் ஒதுங்கினேன் என்று இந்த நிமிஷம்வரை எனக்குத் தெரியாது. பென்னி என்னைத் தாண்டிப் போனான், சோப்பு வாசம் அடித்தது. முக்கு வரைக்கும் மெதுவாக நடந்தான். முக்கில் நின்றான். ரொம்ப நேரம் நின்றான், அல்லது எனக்கு அப்படித் தோன்றியது. இடப்பக்கம் பார்த்தான், பாட்டு அந்தப் பக்கமிருந்துதான் வந்தது. எனக்குக் கூப்பிடக் குரல் இருந்தது, ஓடக் கால் இருந்தது, கூப்பிடவில்லை, ஓடவில்லை. ஆதியிலிருந்து ஒருவர் இப்படியே வாசலில் நின்றுகொண்டு, தொண்டை வரைக்கும் வந்த சத்தத்தை விழுங்கிக்கொண்டு, ஒவ்வொருத்தன் முதுகையும் பார்த்துக்கொண்டிருக்கிறார் என்றால், அந்த நிலைமை என் எதிராளிக்குக்கூட வேண்டாம். முதல் தடவையாகக் கடவுளை நினைத்துப் பாவமாக இருந்தது. மன்னித்துவிட்டேன் என்று சொல்ல மாட்டேன். பென்னி வலப்பக்கம் திரும்பினான்.

ஞானதுரை மூச்சிரைக்க ஓடிவந்தான். பின்வழியாகச் சுற்றி வந்திருக்கிறான். திறந்த கதவைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். "எங்கக்கா அவன்?" நான் முக்கைக் காட்டினேன். தலையில் கைவைத்தான். "கொன்னுட்டியேக்கா. உன் கையாலயே கொன்னுட்டியே." இருக்கலாம். அவன் சொல்வது சரியாகவே இருக்கலாம். பிடித்து இழுத்துவர ஓடப் பார்த்தவனின் சட்டையைப் பிடித்து நிறுத்தினேன். "வேன்காரங்க வந்தா நேரே கடைக்கு வரச் சொல்லு. கையப் பிடிக்க வேண்டாம், வாரியான்னு கேக்கச் சொல்லு. வந்தா வரட்டும்." சாவியை எடுத்து அவன் கையில் கொடுத்துவிட்டுத் தெருவில் இறங்கினேன்.

"நீ எங்க போற?"

"அவன்கூட."

"கடைக்கா? பெரிய வெள்ளியன்னைக்கு, வெள்ளச் சேலையக் கட்டிக்கிட்டு? ஊர்ல என்ன சொல்லுவாங்க?"

"விழுந்தாத் தூக்க ஒரு ஆளு வேணும்லா" என்றேன்.

முக்கில் நானும் வலப்பக்கம் திரும்பினேன். கடை வாசலில் நின்றவர்கள் தூரத்திலேயே என்னைப் பார்த்து விலகினார்கள், கோயில்காரர் இருவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். எனக்கு முன்னால் பென்னி கடையைப் பார்த்துப் போய்க்கொண்டிருந்தான். நான் வருவது அவனுக்குத் தெரிந்தது, திரும்பிப் பார்க்கவில்லை, வேகமாகவும் போகவில்லை. அவனுக்கும் எனக்கும் நடுவே கொஞ்சம் தூரம் இருந்தது. அதை நான் குறைக்கவும் இல்லை, கூட்டவும் இல்லை.